பிரஷரும் துடிப்பு மாறுபாடும்: வீட்டிலேயே அளந்து, எழுதி, விளங்கிக்கொள்ள ஒரு முழு வழிகாட்டி

வன்னியில் ஐம்பதைத் தாண்டிய நாலு பேர் ஒரு கலியாண வீட்டுப் பந்தலில் கூடினால் பிரஷர்க் கதை வராமல் போகாது. "எனக்கு நூற்றி அறுபதாம்", "எனக்குக் குளிசையைக் கூட்டிப்போட்டினம்" என்று ஆளுக்கொரு எண் சொல்வார்கள். அந்த நூற்றி அறுபது எத்தனை மணிக்கு வந்தது, எந்தக் கையில் வந்தது, அளக்க முன்னர் கொஞ்சம் ஆறி இருந்தாரா, அது ஒரு தரம் வந்ததா பல தரம் வந்ததா என்று கேட்டுப் பாருங்கள். அநேகமாக யாருக்கும் தெரியாது.

ஓடிப்போய் ஒரு தரம் அளந்த பிரஷரை நம்பி எந்த முடிவும் எடுக்க ஏலாது. முறையாக அளந்து ஒரு கிழமை கொப்பியில் எழுதிய பிரஷரோ, மாரடைப்பும் பாரிசவாதமும் வரும் வாய்ப்பைக் காட்டும் மிக மலிவான, மிக நம்பகமான அடையாளங்களில் ஒன்று. இப்போது கைக்கடிகாரங்கள் காட்டும் இதயத்துடிப்பு மாறுபாடு, அதாவது எச்.ஆர்.வி, அதற்குப் பக்கத்துணை. ஒரே ஆளுடைய எண் பல கிழமைகளாக எந்தப் பக்கம் போகிறது என்று பார்த்தால் அதில் விசயம் உண்டு. இந்த வழிகாட்டியிலும் பிரஷருக்கே கூடுதல் இடம்.

முதலில், இந்த எண்கள் சொல்வது என்ன

இதயம் சுருங்கி இரத்தத்தைத் தள்ளும்போது நாடிச் சுவரில் விழும் அமுக்கம் மேல் எண். இதயம் தளர்ந்திருக்கும்போது மிஞ்சி நிற்பது கீழ் எண். இரண்டையும் மில்லிமீற்றர் பாதரசத்தில் சொல்வார்கள். பாதரசக் கருவிகள் அரிதாகிவிட்டாலும் அலகு மட்டும் மாறவில்லை. 1896 இல் இத்தாலிய மருத்துவர் ரீவா ரோச்சி கையில் பட்டி கட்டி அளக்கும் முறையைக் கொண்டுவந்தார். 1905 இல் ரஷ்ய மருத்துவர் கொரொட்கொவ், பட்டிக்குக் கீழே ஸ்டெதஸ்கோப் வைத்துக் கேட்கும் முறையைச் சேர்த்தார். கிளினிக்கில் இன்றைக்கும் கையால் பார்ப்பது அந்த முறையில்தான்.

2002 இல் ஒரு பெரிய ஆய்வு வெளிவந்தது. 61 ஆய்வுகளில் இருந்த பத்து இலட்சம் பேரின் தரவுகளை ஒன்றுசேர்த்துப் பார்த்தார்கள். 40 முதல் 69 வயதுக்குள், 115/75 இலிருந்து மேலே போகப்போக, மேல் எண்ணில் ஒவ்வொரு 20 கூடும்போதும், அல்லது கீழ் எண்ணில் ஒவ்வொரு 10 கூடும்போதும், மாரடைப்பாலும் பாரிசவாதத்தாலும் இறக்கும் வாய்ப்பு ஏறத்தாழ இரட்டிப்பாகிறது. ஆக 140 என்பது ஒரு மதில் இல்லை. 139 இல் பயமில்லை, 141 இல் ஆபத்து என்று எதுவும் கிடையாது. மருந்து தொடங்குவதைப் பற்றி யோசிக்க மருத்துவர்கள் வைத்துக்கொண்ட கோடு அது.

"பிடரி வலிச்சால்தான் பிரஷர்" என்ற நம்பிக்கை எங்கள் ஊர்களில் பலமாக இருக்கிறது. உயர் குருதி அமுக்கம் பெரும்பாலும் ஒரு குணங்குறியும் காட்டாது. 170 இல் நிற்கிற ஒருவர் காலையில் வரம்பு வெட்டி, மத்தியானம் நல்லாய்ச் சாப்பிட்டு, பின்னேரம் கரப்பந்து பார்க்கப் போகலாம். குணங்குறி வரட்டும் என்று இருந்தால் சிலருக்கு முதல் குணங்குறியே வாய் கோணுவதாக இருக்கும்.

மெஷின் வாங்குவது

மேற்கையில் பட்டி சுற்றும் தானியங்கி மெஷினை வாங்குங்கள். மணிக்கட்டில் கட்டுவது வேண்டாம். கையை வைக்கும் உயரம் கொஞ்சம் பிசகினாலும் அதில் எண் மாறும். பட்டியே இல்லாமல் பிரஷர் காட்டும் கைக்கடிகாரங்களை நோய் கண்டறியவோ மருந்தை மாற்றவோ நம்ப வேண்டாம் என்றுதான் குருதி அமுக்க வல்லுநர் அமைப்புகள் இன்னும் சொல்கின்றன. பரிசோதித்துத் தேறிய மெஷின்களின் பட்டியல் 'ஸ்ட்ரைட் பி.பி' என்ற இணையத்தளத்தில் இருக்கிறது. வெளிநாட்டில் இருக்கும் பிள்ளை வாங்கி அனுப்புகிறேன் என்றால் மாதிரி இலக்கத்தை அதில் பார்த்து வாங்கச் சொல்லுங்கள்.

மெஷினைவிடப் பெரிய விசயம் பட்டியின் அளவு. தோளுக்கும் முழங்கைக்கும் நடுவில் கையின் சுற்றளவைத் தையல் நாடாவால் அளந்து பாருங்கள். பெட்டியில் வரும் சாதாரணப் பட்டி அநேகமாக 22 முதல் 32 சென்ரிமீற்றர் வரைக்கும்தான் பொருந்தும். பருத்த கைக்குச் சின்னப் பட்டியைச் சுற்றினால் பிரஷர் பொய்யாகக் கூடித் தெரியும். மிகப் பெரிய பட்டி தேவைப்படும் ஒருவருக்குச் சாதாரணப் பட்டி கட்டினால் மேல் எண் 20 வரை கூடலாம். மெலிந்த கைக்குப் பெரிய பட்டி கட்டினால் குறைந்து தெரியும். பட்டி மாறியதாலேயே குளிசை கூடியவர்களும் இருக்கக்கூடும்.

வாங்கியதும், அடுத்த கிளினிக்குக்கு மெஷினையும் கொண்டுபோங்கள். நேர்ஸ் அளந்த கையிலேயே அடுத்த நிமிசம் உங்கள் மெஷினாலும் அளந்து ஒப்பிட்டுப் பாருங்கள். ஐந்துக்குள் வித்தியாசம் என்றால் சரி. பத்துக்கு மேல் திரும்பத் திரும்ப வித்தியாசப்பட்டால் அந்த மெஷினை நம்ப வேண்டாம். அப்புறம், பற்றரி இறங்கினால் சில மெஷின்கள் சரியாகக் காற்று அடிக்காது. மாற்றுப் பற்றரி ஒரு சோடி வீட்டில் கிடக்கட்டும்.

அளக்கிற முறை

இதில்தான் எல்லாரும் சறுக்குவது. ஆஸ்பத்திரி வரிசையில் என்ன நடக்கிறது என்று பாருங்கள். முதல் பஸ்ஸைப் பிடித்து வந்தவர், வெறும் வயிற்றில் இரத்தம் கொடுக்க வேண்டும் என்று காலைக் குளிசையையும் போடாமல் வந்திருப்பார். ஒரு மணித்தியாலம் நின்ற பிறகு இருக்க ஒரு வாங்கு கிடைக்கும். தன் இலக்கத்தைக் கூப்பிட்டதும் ஓடிப்போய் இருப்பார், சேர்ட் கையை இறுக்கமாகச் சுருட்டி விடுவார், பட்டி ஊதிக்கொண்டிருக்கும்போதே "மிஸ்ஸி, போன மாசக் குளிசை எனக்கு ஒத்துவரேல்லை" என்று தொடங்குவார். அந்த இடத்தில் வரும் 156 என்ற எண்ணில் அவருடைய உண்மையான பிரஷர் எவ்வளவு, பஸ்ஸும் வரிசையும் கதையும் எவ்வளவு என்று பிரிக்க யாராலும் முடியாது. நேர்ஸைக் குறை சொல்லியும் பயனில்லை. அவருக்கு முன்னால் இன்னும் நூறு பேர்.

(இடையில் ஒன்று: வெறும் வயிற்று இரத்தப் பரிசோதனைக்குப் போகும்போது, மருத்துவர் வேறு விதமாகச் சொல்லாவிட்டால், பிரஷர்க் குளிசையைத் தண்ணீரோடு வழமைபோலப் போடலாம். சீனிக் குளிசையும் இன்சுலினும் வேறு கணக்கு. அவற்றைச் சாப்பிடாமல் எடுக்கக் கூடாது. எது எது என்று கிளினிக்கில் முதலே கேட்டு வையுங்கள்.)

வீட்டில் அளப்பது இப்படி இருக்கட்டும்.

அளக்க முன்னர் அரை மணித்தியாலம் தேத்தண்ணி, கோப்பி, பீடி, சிகரட், வெற்றிலையோடு புகையிலை எதுவும் வேண்டாம். சலம் முட்டி இருந்தால் கழித்துவிட்டு வாருங்கள். நிறைந்த சலப்பை மேல் எண்ணைப் பத்து வரையும் கூட்டும். முதுகு சாயக்கூடிய கதிரையில் இருங்கள். வாங்கு, கட்டில் விளிம்பு, பாய் இவற்றில் முதுகுக்குத் தாங்கல் இல்லை. பாதம் இரண்டும் நிலத்தில் பதிய வேண்டும், கால்மேல் கால் போடக் கூடாது. கையை மேசையில் வையுங்கள், பட்டி இதயத்தின் உயரத்துக்கு வரட்டும். மேசை பதிவாக இருந்தால் ஒரு தலையணையை வைத்து உயர்த்துங்கள். கை பத்து சென்ரிமீற்றர் கீழே தொங்கினால் எண் ஏழு, எட்டு கூடும்.

பட்டியை வெறுந்தோலில், முழங்கை மடிப்புக்கு இரண்டு விரல் மேலே சுற்றுங்கள். சட்டைக் கை இறுக்கமென்றால் சுருட்டாமல் கையை வெளியே எடுங்கள். பிறகு ஐந்து நிமிசம் பேசாமல் இருங்கள். ரீவி வேண்டாம், போனும் வேண்டாம். வெளிநாட்டிலிருந்து அழைப்பு வந்தால் பிறகு எடுக்கலாம். ஐந்து நிமிசம் கழிந்ததும் ஒரு தரம் அளந்து, ஒரு நிமிசம் விட்டு, இன்னொரு தரம் அளந்து, இரண்டையும் எழுதுங்கள். கூடிய எண்ணைக் கண்டு பயந்து மூன்று, நாலு, ஐந்து தரம் என்று அளந்துகொண்டே போவதால் பயன் இல்லை. பயமே எண்ணைக் கூட்டும்.

முதல் நாள் இரண்டு கையிலும் அளந்து பாருங்கள். அதன்பிறகு எப்போதும் கூடக் காட்டிய கையிலேயே அளக்க வேண்டும். இரண்டு கைக்கும் வித்தியாசம் திரும்பத் திரும்பப் பத்துக்கு மேல் வந்தால் மருத்துவரிடம் சொல்லுங்கள். பதினைந்தைத் தாண்டினால் ஒரு பக்க நாடி ஒடுங்கியிருக்கலாம்.

ஷெல் துண்டு இருக்கிற கை, இல்லாத கை

வழமையான வழிகாட்டிகளில் இந்தப் பகுதி இருக்காது, எங்களுக்கு இது தேவை. காயப்பட்டு நாடி தைக்கப்பட்ட கை, தசை கழன்றுபோன கை, துண்டு உள்ளே இருந்து பட்டி இறுகும்போது நோகிற கை, இவற்றில் அளக்க வேண்டாம். மற்றக் கையில் அளந்து, "இடக்கை மட்டும்" என்று கொப்பியில் முன்பக்கத்திலேயே எழுதி வையுங்கள். இரத்தச் சுத்திகரிப்புக்காக நாடியும் நாளமும் இணைத்த கையில் ஒருபோதும் பட்டி கட்டக் கூடாது. மார்புப் புற்றுநோய்க்காகக் கமக்கட்டு நிணநீர்க் கணுக்களை எடுத்திருந்தால் அந்தப் பக்கக் கையையும் தவிருங்கள்.

இரண்டு கையும் இல்லாதவர்களுக்குத் தொடையிலோ கணுக்காலுக்கு மேலேயோ அளக்கலாம். காலில் மேல் எண் கையைவிடப் பொதுவாகக் கூடித்தான் வரும், அதனால் கீழே சொல்லும் எல்லைகள் அப்படியே பொருந்தாது. அதற்கேற்ற பட்டியும் வேண்டும். வைத்தியசாலையில் மருத்துவரோடு பேசி ஒழுங்கு செய்ய வேண்டிய வேலை இது.

கால் இழந்தவர்கள் பிரஷரைக் கூடுதல் கவனமாகப் பார்க்க வேண்டும். இரண்டாம் உலகப் போரில் கால் இழந்த அமெரிக்கப் படையினரைப் பல வருசம் தொடர்ந்து கவனித்து, அதன் முடிவை 1980 இல் வெளியிட்டார்கள். முழங்காலுக்கு மேலே கால் போனவர்களும் இரண்டு காலும் போனவர்களும் இதய நோயால் இறந்தது கூடுதலாக இருந்தது. நடமாட்டம் குறைவது, நிறை கூடுவது, இரத்தோட்டம் மாறுவது என்று பல காரணங்கள் இருக்கலாம். இங்கே 2009 இல் இருபதுகளில் இருந்த பெடியளும் பெட்டையளும் இப்போது நாற்பதைத் தொடுகிறார்கள். காயத்துக்கு மட்டும் கிளினிக் போன காலம் முடிந்தது, பிரஷருக்கும் சீனிக்கும் போகத் தொடங்க வேண்டிய வயது இது.

ஒரு கிழமைக் கணக்கு

ஏழு நாள் அளக்க வேண்டும். காலையில் சலம் கழித்த பிறகு, குளிசைக்கும் சாப்பாட்டுக்கும் முன்னர் இரண்டு தரம். இரவுச் சாப்பாட்டுக்கு முன்னர் இரண்டு தரம். முதல் நாளை விட்டுவிட்டு மிச்ச ஆறு நாளின் சராசரியை எடுங்கள். முதல் நாள் மெஷினுக்கும் எங்களுக்கும் பழக்கம் இருக்காது, எண் கூடித்தான் நிற்கும். ஏழு நாள் முடியாவிட்டாலும் மூன்று நாளாவது வேண்டும்.

உதாரணத்துக்கு, ஏற்கெனவே காலையில் ஒரு குளிசை போடும் 56 வயது விவசாயி ஒருவரின் கொப்பி என்று வைப்போம். இரண்டாம் நாள் முதல் ஏழாம் நாள் வரை காலை மேல் எண்கள் 142, 138, 146, 140, 139, 141. சராசரி 141. இரவு எண்கள் 134, 136, 132, 130, 133, 129. சராசரி 132. எல்லாவற்றையும் சேர்த்தால் 137. கீழ் எண்ணின் சராசரி 84.

கிளினிக்கில் அளக்கும்போது கோடு 140/90. வீட்டில் அளக்கும்போது 135/85. மேல் எண்ணோ கீழ் எண்ணோ, இரண்டில் ஒன்று தாண்டினாலே தாண்டியதுதான். இந்த மனிதர் மேல் எண்ணில் சிறிது தாண்டி நிற்கிறார். கிளினிக்கில் 156 என்று பார்த்து ஒரேயடியாகக் குளிசையைக் கூட்டவும் அவசரமில்லை, "வீட்டில எனக்கு நோர்மல்" என்று அவர் தட்டிக்கழிக்கவும் ஏலாது. அந்தக் கொப்பி இன்னொன்றும் சொல்கிறது. காலை எண்கள் இரவைவிட ஒன்பது கூட. காலையில் போடும் குளிசையின் வேகம் அடுத்த விடியலுக்குள் குறைகிறதோ, நித்திரையில் மூச்சு அடைபடுகிறதோ, இரவில் குடிக்கிறாரோ என்று மருத்துவர் கேட்பதற்கு அது ஒரு பிடி. சராசரியை மட்டும் சொல்லாமல் கொப்பியையே கொண்டுபோங்கள் என்பது இதனால்தான்.

கிளினிக்கில் கூடி வீட்டில் சரியாக இருப்பவர்கள் உண்டு. வெள்ளைச்சட்டைப் பிரஷர் என்பார்கள். அவர்களுக்கு ஆபத்துக் குறைவு, ஆனாலும் வருசா வருசம் பார்க்க வேண்டும். கிளினிக்கில் சரியாக இருந்து வீட்டில் கூடி நிற்கிறவர்கள்தான் கவலைக்குரியவர்கள். மறைந்த பிரஷர் அது. ஆபத்து உண்மையான பிரஷர்க்காரருடையது போலவே, ஆனால் யாரும் தேடுவதில்லை. சிகரட் பிடிக்கிறவர்கள், இரவு வேலை செய்கிறவர்கள், சீனி வருத்தக்காரர் இதில் கூட.

எழுந்து நின்றும் அளவுங்கள்

கிழமையில் ஒரு நாள், இருந்து அளந்த பிறகு எழுந்து நின்று, ஒரு நிமிசத்திலும் மூன்று நிமிசத்திலும் அளந்து பாருங்கள். மேல் எண் 20 அல்லது கீழ் எண் 10 இறங்கினால் கிளினிக்கில் சொல்ல வேண்டும். வயதானவர்களுக்கும், நெடுநாள் சீனி வருத்தக்காரருக்கும், சலம் போகும் குளிசை எடுப்பவர்களுக்கும் இது முக்கியம். சிறுபோக வெயிலில் வியர்த்து ஒழுகி, தண்ணீர் குடிக்காமல் வேலை செய்துவிட்டு, குனிந்தவர் நிமிரும்போது தலை சுற்றுகிறதா? அது பிரஷர் கூடினதாலென்று எண்ணி இன்னொரு குளிசை போடுகிறவர்களும் உண்டு. அந்த நேரத்தில் அளந்தால் இறங்கியிருப்பதே அதிகம்.

எது அவசரம்

180/120 ஐத் தாண்டி, அதோடு நெஞ்சுநோ, மூச்சுத்திணறல், கண் மங்கல், கடும் தலையிடி, குழப்பம் ஏதாவது இருந்தால் 1990 க்கு எடுங்கள். இலவச அம்புலன்ஸ், பணம் கேட்க மாட்டார்கள். குணங்குறி ஒன்றும் இல்லையென்றால் ஐந்து நிமிசம் ஆறி இருந்து திரும்ப அளவுங்கள். அப்போதும் அப்படியே நின்றால் அன்றைக்கே மருத்துவரைப் பாருங்கள்.

வாய் கோணுவது, ஒரு பக்கக் கை கால் விழுவது, பேச்சுக் குளறுவது, இவற்றுக்குப் பிரஷர் எண்ணே தேவையில்லை. 1990 தான். அடைபட்ட மூளை நாடியைக் கரைக்கும் ஊசியை, அது பொருந்துகிறவர்களுக்கு, குணங்குறி தொடங்கி நாலரை மணித்தியாலத்துக்குள் போட வேண்டும். எத்தனை மணிக்குத் தொடங்கியது என்று பார்த்து எழுதிக்கொண்டு போங்கள். உள்ளூர் ரோட்டில் அம்புலன்ஸ் வந்து, அங்கிருந்து பெரிய ஆஸ்பத்திரி போக எவ்வளவு நேரம் எடுக்கும் என்று உங்களுக்கே தெரியும். "விடியட்டும் பாப்பம்" என்பது இங்கே பொருந்தாது. பிரஷரை உடனே இறக்கக் குளிசையை நாக்குக்குக் கீழே வைக்கும் பழைய வழக்கமும் வேண்டாம். திடீரென்று இறங்கும் பிரஷர் மூளைக்கும் இதயத்துக்கும் இரத்தத்தைக் குறைத்துவிடும்.

கர்ப்பிணிக்கு 140/90 வந்தால் கிழமைக் கணக்கெல்லாம் பார்க்க வேண்டாம். அன்றைக்கே குடும்பநல உத்தியோகத்தருக்கோ வைத்தியசாலைக்கோ அறிவியுங்கள்.

எச்.ஆர்.வி: துடிப்புக்கும் துடிப்புக்கும் நடுவில்

நாடி நிமிசத்துக்கு 68 என்றால் துடிப்புகள் சம இடைவெளியில் விழுகின்றன என்றுதான் நினைப்போம். அப்படி இல்லை. ஒரு இடைவெளி 850 மில்லி செக்கன், அடுத்தது 890, பிறகு 870, 910, 880. நலமான இதயத்தில் இந்தச் சின்ன ஏற்ற இறக்கம் இருந்துகொண்டே இருக்கும். மணிக்கட்டில் விரல் வைத்து, ஆழமாக மூச்சை இழுத்து விட்டுப் பாருங்கள். இழுக்கும்போது நாடி கொஞ்சம் விரைவதும் விடும்போது தணிவதும் இளம் ஆட்களிடம் விரலுக்கே பிடிபடும்.

கடிகாரங்கள் காட்டும் எண் பெரும்பாலும் ஆர்.எம்.எஸ்.எஸ்.டி என்ற கணக்கு. மேலே சொன்ன ஐந்து இடைவெளிகளையே எடுங்கள். அடுத்தடுத்தவற்றின் வித்தியாசம் 40, 20, 40, 30. ஒவ்வொன்றையும் வர்க்கித்தால் 1600, 400, 1600, 900. கூட்டினால் 4500, நாலால் பிரித்தால் 1125, அதன் வர்க்கமூலம் கிட்டத்தட்ட 34. அதுதான் "உங்கள் எச்.ஆர்.வி 34" என்று திரையில் வருவது. உண்மையில் ஐந்து துடிப்புப் போதாது, சில நிமிசத் துடிப்புகளாவது வேண்டும்.

இதற்கும் பிரஷருக்கும் என்ன தொடர்பு? கழுத்து நாடியிலும் பெருநாடி வளைவிலும் அமுக்கத்தை உணரும் நரம்பு முனைகள் இருக்கின்றன. அமுக்கம் ஏறினால் அவை மூளைக்குச் சொல்ல, மூளை வேகஸ் நரம்பு வழியாக இதயத்தைத் தணிக்கும். இறங்கினால் பிடியைத் தளர்த்தும். துடிப்புக்குத் துடிப்பு நடக்கும் இந்தத் திருத்தமும் மூச்சின் இழுப்பும் சேர்ந்துதான் எச்.ஆர்.வி ஆகத் தெரிகின்றன. சீனி வருத்தம் அந்த நரம்புகளை அரித்தால் இரண்டும் கெடும்: எச்.ஆர்.வி வற்றும், எழுந்து நிற்கும்போது பிரஷர் விழும். நின்று அளக்கச் சொன்னதற்கு இதுவும் ஒரு காரணம்.

1987 இல் அமெரிக்காவில் மாரடைப்பிலிருந்து தப்பிய 808 பேரை ஆராய்ந்தார்கள். 24 மணித்தியாலப் பதிவில் இடைவெளிகளின் நியம விலகல் (சராசரியிலிருந்து அவை எவ்வளவு விலகிச் சிதறுகின்றன என்ற கணக்கு) 50 மில்லி செக்கனுக்குக் கீழே இருந்தவர்கள் இறக்கும் வாய்ப்பு, 100 க்கு மேலே இருந்தவர்களைவிட ஐந்து மடங்குக்கும் மேல். அமெரிக்காவின் ஃபிரேமிங்ஹாம் ஊர்மக்களிடம் நடந்து 1998 இல் வெளிவந்த ஆய்வு ஒன்றில், பிரஷர் இல்லாத ஆண்களில் மாறுபாடு குறைந்தவர்களுக்குப் பிற்காலத்தில் பிரஷர் வரும் வாய்ப்புக் கூடுதலாகத் தெரிந்தது. போர் போன்ற பேரதிர்ச்சிக்குப் பின் வரும் மன வடு நோயிலும் எச்.ஆர்.வி குறைந்து நிற்பதைப் பல ஆய்வுகள் காட்டியுள்ளன. இராப்பகலாய் உடம்பு விழிப்பிலேயே இருந்தால் தணிக்கும் நரம்புக்கு வேலை கிடைப்பதில்லை. முள்ளிவாய்க்காலைக் கடந்து வந்தவர்களின் நித்திரைக் குறைவை "வயசு போனால் அப்படித்தான்" என்று விட்டுவிடுவது சரியென்று எனக்குப் படவில்லை. வைத்தியசாலை மனநலப் பிரிவில் அதைப் பற்றிப் பேசலாம். அது விசருக்குப் பார்க்கிற இடம் மட்டும் இல்லை.

அளக்க விரும்பினால், காலையில் எழுந்து சலம் கழித்து, படுத்தபடியோ இருந்தபடியோ, ஒவ்வொரு நாளும் ஒரே நிலையில், வழமையான மூச்சோடு, ஐந்து நிமிசம் அளவுங்கள். நெஞ்சுப்பட்டி துல்லியம் கூடியது. கடிகாரம் இரவு நித்திரையில் தானே எடுப்பதும் பரவாயில்லை. ஒரு நாள் எண்ணைப் பார்க்காமல் ஏழு நாள் சராசரியைப் பாருங்கள்.

பிழையாக விளங்குவதற்கு இதில் வழிகள் பல. 24 மணித்தியாலப் பதிவுக்குச் சொன்ன 50, 100 என்ற எல்லைகளைக் கடிகாரத்தின் 34 ஓடு ஒப்பிடக் கூடாது. கணக்கும் வேறு, நேரமும் வேறு. வயது ஏற எண் குறைவது இயல்பு, ஆகவே மகனுடைய 70 ஐப் பார்த்து அப்பா கவலைப்படத் தேவையில்லை. முதல்நாள் குடி, காய்ச்சல், நித்திரைக் குறைவு, கடும் வேலை எல்லாம் எண்ணை இறக்கும். அற்ரெனலோல் போன்ற பீற்றா தடுப்புக் குளிசை எண்ணைக் கூட்டலாம். மிக முக்கியமானது இது: எண் திடீரென்று எக்கச்சக்கமாகக் கூடினால் சந்தோசப்பட வேண்டாம். இதய மேலறை ஒழுங்கற்றுத் துடிக்கும் நோயில் இடைவெளிகள் தாறுமாறாகும், கடிகாரமோ அதை அருமையான எச்.ஆர்.வி என்று காட்டிவிடும். அந்த நோய் பாரிசவாதத்துக்கு ஒரு பெரிய காரணம். மணிக்கட்டில் விரல் வைத்துப் பாருங்கள், நாடி ஒழுங்கே இல்லாமல் அடித்தால் ஈ.சி.ஜி எடுக்கக் கேளுங்கள். பிரஷர் மெஷினும் அப்படிப்பட்ட நாடியில் தடுமாறும்.

கையில் இருக்கிற காசுக்குக் கடிகாரமா பிரஷர் மெஷினா என்றால், யோசிக்காமல் மெஷினை வாங்குங்கள்.

பிரஷர் சரியாக இருந்தாலும் சிறுநீரகத்தைப் பாருங்கள்

வவுனியாவும் முல்லைத்தீவும் காரணம் தெரியாத நாட்பட்ட சிறுநீரக நோய் காணப்படும் மாவட்டங்கள். அந்த நோயின் தொடக்கத்தில் பிரஷர் சாதாரணமாகவே இருக்கலாம். "பிரஷர் இல்லை, அப்ப கிட்னியும் சரி" என்ற கணக்கு இங்கே பிழைக்கும். விவசாயக் குடும்பங்களில் இரத்தத்தில் கிரியேற்றினினும் சிறுநீரில் புரதமும் இடைக்கிடை பார்க்க வேண்டும். முதுகுநோவுக்குப் பார்மசியில் சொல்லி எடுக்கும் டைக்குளோபினாக், இபுபுரோபன் இரண்டும் பிரஷரையும் கூட்டும், சிறுநீரகத்தையும் வருத்தும். அறுவடைக் காலத்தில் நாள்தோறும் இதை விழுங்குகிறவர்களை எனக்குத் தெரியும். கிளினிக்கில் "வேறு மருந்து ஏதும் எடுக்கிறீங்களோ" என்று கேட்டால் இதையும் சொல்லுங்கள்.

மருத்துவர் பிரஷரை மட்டும் வைத்து ஆபத்தைக் கணிப்பதில்லை. உலகச் சுகாதார நிறுவனத்தின் அட்டவணையில் வயது, பால், புகைத்தல், மேல் எண், சீனி வருத்தம், கொலஸ்ரரோல் எல்லாம் சேர்ந்துதான் அடுத்த பத்து வருசத்துக்கான ஆபத்துச் சதவீதம் வரும். அரச வைத்தியசாலைகளில் உள்ள சுகவாழ்வு நிலையங்களில் 35 வயதைத் தாண்டியவர்களுக்கு இதை இலவசமாகப் பார்ப்பார்கள். வருத்தம் இல்லாதவர்கள்தான் அங்கே போக வேண்டும், ஆனால் ஆண்கள் அநேகம் போவதில்லை.

எண்ணை இறக்குவது

முதல் எதிரி உப்பு. நாளைக்கு 5 கிராமுக்குள், அதாவது மட்டமான ஒரு தேக்கரண்டி, என்பது உலகச் சுகாதார நிறுவனத்தின் அளவு. கறியில் மட்டும் குறைத்தால் போதாது. கருவாடு, மோர் மிளகாய், ஊறுகாய், அப்பளம், பாண், சோறு வடிக்கும்போது போடும் உப்பு எல்லாம் கணக்கில் வரும். நெத்தலிக் கருவாட்டைச் சுடுதண்ணீரில் ஊறவைத்து இரண்டு தரம் கழுவினால் உப்புக் கொஞ்சம் இறங்கும், முழுக்க இறங்காது. ஆனையிறவு உப்பானாலும் வேறெந்த உப்பானாலும் சோடியம் ஒன்றுதான். சீனாவின் 600 கிராமங்களில் நடந்த, 2021 இல் வெளிவந்த ஓர் ஆய்வில், உப்பில் கால்வாசியைப் பொட்டாசியம் உப்பாக மாற்றியதற்கே பாரிசவாதம் 14 வீதம் குறைந்தது. எங்கள் பகுதியில் இதை அப்படியே செய்ய முன்னர் சிறுநீரகத்தைப் பார்க்க வேண்டும். பழுதான சிறுநீரகத்துக்குப் பொட்டாசியம் ஆபத்து.

நிறையில் ஒரு கிலோ குறைந்தால் மேல் எண்ணில் ஒன்று அளவில் குறையும். குடியைக் குறைத்தால், கள்ளோ சாராயமோ, பிரஷரும் எச்.ஆர்.வியும் சேர்ந்தே திருந்தும். வயல் வேலை இருக்கிறதே, நடை எதற்கு என்று கேட்பார்கள். நாற்று நடவும் கையால் அரிவு வெட்டும் இருந்த காலத்துக்கு அது சரி. இப்போது உழவும் அறுவடையும் மெஷின் செய்கிறது, வயலுக்குப் போவதும் மோட்டார்சைக்கிளில். நிமிசத்துக்கு ஆறு மூச்சு என்று மெதுவாக இழுத்து விடும் பயிற்சியைப் பத்து நிமிசம் செய்தால் அந்த நேரத்தில் எச்.ஆர்.வி கூடும், பிரஷரும் சிலருக்குக் கொஞ்சம் இறங்கும். காசு செலவில்லை, செய்யலாம். குளிசைக்குப் பதிலாகச் செய்யக் கூடாது.

குளிசையை நிற்பாட்டுவதுதான் நான் அதிகம் காண்கிற பிழை. "அளந்தனான், 124, இனித் தேவையில்லை" என்பார்கள். அந்த 124 குளிசையால் வந்தது. அம்லோடிபினில் கால் வீங்குகிறது, எனலாபிரிலில் வறட்டு இருமல் வருகிறது என்றால் அதைச் சொல்லி மாற்றிக் கேட்கலாம், வேறு வகைகள் இருக்கின்றன. மாற்றிய பிறகு நாலு கிழமை விட்டு, திரும்பவும் ஏழு நாள் அளந்து எழுதுங்கள். கொப்பியில் ஒரு பக்கத்துக்கு ஒரு கிழமை. மேலே குளிசையின் பெயர், அளவு, போடும் நேரம். கீழே திகதி, நேரம், மேல் எண், கீழ் எண், நாடி. ஓரத்தில் "நித்திரை இல்லை", "காய்ச்சல்", "மூன்று நாள் குளிசை முடிஞ்சு போச்சு" என்று உள்ளதை உள்ளபடி. கடைசியாகச் சொன்னதை எழுத வெட்கப்பட வேண்டாம், அது தெரியாவிட்டால் மருத்துவர் இல்லாத காரணத்தைத் தேடி இன்னொரு குளிசை எழுதுவார்.